கேப்டன் வாக்கர் – பதவி உயர்வு மறுக்கப்பட்ட நீர்மூழ்கி வேட்டைக்காரர்

இரண்டாம் உலகப் போர் என்றதும் நினைவுக்கு வரும் பெயர்கள் சர்ச்சில், ஹிட்லர், ரோம்மல், மாண்ட்கோமரி. கடற்போர் என்றால் பிஸ்மார்க் கப்பல், பேர்ல் ஹார்பர், மிட்வே. ஆனால் இந்தப் போரிலேயே மிக நீண்ட சண்டை அட்லாண்டிக் பெருங்கடலில்தான் நடந்தது. 1939 செப்டம்பரில் போர் தொடங்கிய முதல் நாளில் ஆரம்பித்து, 1945 மே மாதம் ஜெர்மனி சரணடையும் வரை அது ஓயவே இல்லை. அந்தச் சண்டையில் ஜெர்மன் நீர்மூழ்கிக் கப்பல்களை அதிகமாக வேட்டையாடிய பிரிட்டிஷ் அதிகாரி ஃபிரெடரிக் ஜான் வாக்கர். கடற்படையில் அவரை "ஜானி வாக்கர்" என்றே அழைத்தார்கள். காரணம் அந்தப் பெயரில் உள்ள விஸ்கிதான்!

இதில் வேடிக்கை என்னவென்றால், போர் தொடங்குவதற்கு ஓராண்டு முன்பு, "இவர் இனி மேலே போக மாட்டார்" என்று அதே கடற்படை அவரை ஒதுக்கி வைத்திருந்தது.

ஒதுக்கப்பட்ட அதிகாரி

வாக்கர் 1896 ஜூன் 3-ம் தேதி இங்கிலாந்தின் பிளைமவுத் நகரில் பிறந்தார். அப்பாவும் கடற்படை அதிகாரி. அந்தக் காலப் பழக்கப்படி 1909-ல், பதின்மூன்று வயதிலேயே, கடற்படைப் பயிற்சியில் சேர்ந்தார். டார்ட்மவுத் கல்லூரியில் நல்ல மாணவர். முதல் உலகப் போரில் இளம் அதிகாரியாகப் பணியாற்றினார்.

அந்தப் போர் முடிந்தபின் அவர் ஒரு முடிவெடுத்தார். நீர்மூழ்கி எதிர்ப்புப் பிரிவைத் தன் துறையாகத் தேர்ந்தெடுத்தார். இன்று பார்த்தால் அது தீர்க்கதரிசனம் போலத் தெரியும். அன்று அப்படி இல்லை. 1920களிலும் 30களிலும் கடற்படையில் பெயர் வாங்க வேண்டுமென்றால் பீரங்கிப் பிரிவுக்குப் போக வேண்டும். பெரிய போர்க்கப்பல், பெரிய பீரங்கி, பெரிய பதவி. கடலுக்கடியில் ஒலியைக் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கும் வேலையைத் தேடிப் போனவர்கள் குறைவு.

போதாததற்கு, மேலதிகாரிகளிடம் இனிக்க இனிக்கப் பேசும் குணமும் அவருக்கு இல்லை. போர்க்கப்பல் ஒன்றில் இரண்டாம் நிலை அதிகாரியாக இருந்தபோது, அவரிடம் தலைமைப் பண்பு போதாது என்ற பொருளில் ரகசிய அறிக்கை எழுதப்பட்டது. 1937-ல் போர்ட்லாண்டில் இருந்த 'ஆஸ்ப்ரே' நீர்மூழ்கி எதிர்ப்புப் பயிற்சி நிலையத்துக்கு மாற்றப்பட்டார். அவருக்குப் பிடித்த வேலைதான். ஆனால் 1938-ல் கேப்டன் பதவி உயர்வுக்கான பரிசீலனையில் அவர் கைவிடப்பட்டார். முன்கூட்டியே ஓய்வு பெற வேண்டியவர்கள் வரிசையில் அவர் பெயரும் இருந்தது.

போர் வந்திராவிட்டால் கமாண்டர் வாக்கர் கமாண்டராகவே வீட்டுக்குப் போயிருப்பார். வரலாறு அவரைத் திரும்பிக்கூடப் பார்த்திருக்காது.

இரண்டு ஆண்டு காத்திருப்பு

போர் வந்த பிறகும் உடனே கப்பல் கிடைக்கவில்லை. டோவர் துறைமுகத்தில் அட்மிரல் ராம்சேயின் கீழ் அலுவலகப் பணி. 1940-ல் டன்கிர்க் கடற்கரையிலிருந்து மூன்று லட்சத்து 38 ஆயிரம் வீரர்களை மீட்டது அந்த அலுவலகம்தான். வாக்கருக்கும் அதில் பங்கு உண்டு. ஆனால் அவர் கேட்டது கடல்.

இதற்கிடையே அட்லாண்டிக்கில் நிலைமை மோசமாகிக்கொண்டிருந்தது. பிரிட்டன் ஒரு தீவு. உணவு, எண்ணெய், இரும்புத்தாது, ஆயுதம் எல்லாம் கப்பலில்தான் வர வேண்டும். அந்தக் கப்பல்களை மூழ்கடித்துவிட்டால் தீவு தானாகப் பணியும் என்பது ஜெர்மன் நீர்மூழ்கிப் படைத் தலைவர் கார்ல் டோனிட்ஸின் கணக்கு. அவருடைய 'யூ-போட்'கள் ஓநாய்க் கூட்டம் போல ஒன்றுசேர்ந்து, இரவில் நீர்மட்டத்தின் மேலேயே வந்து தாக்கின. சரக்குக் கப்பல்களைக் கூட்டமாகச் சேர்த்து, சுற்றிலும் காவல் கப்பல்களோடு அனுப்பினார்கள். இதற்குப் பெயர் கான்வாய். அப்படியும் இழப்பு குறையவில்லை.

நீர்மூழ்கி எதிர்ப்புப் பிரிவின் தலைவராக இருந்த கேப்டன் ஜார்ஜ் கிரீசிக்கு வாக்கரின் திறமை தெரியும். அவர் முயற்சியால் 1941 அக்டோபரில் வாக்கருக்கு 'ஸ்டார்க்' என்ற கப்பலும், 36-வது காவல் குழுவின் தலைமையும் கிடைத்தன. இரண்டு ஸ்லூப் ரகக் கப்பல்கள், ஏழு சிறிய கார்வெட் கப்பல்கள். அவருக்கு அப்போது வயது 45.

வந்தவுடன் தன் குழுவுக்கு எழுத்தில் உத்தரவு கொடுத்தார். அதன் சாரம் இரண்டு விஷயங்கள். ஒன்று, நம் முதல் வேலை யூ-போட்டை அழிப்பது. இரண்டு, என் உத்தரவுக்காகக் காத்திருக்க வேண்டாம். வேலையை முடிக்கத் துணிந்து இறங்கிய எந்த அதிகாரியையும் நான் குறை சொல்ல மாட்டேன். 'தலைமைப் பண்பு போதாது' என்று எழுதப்பட்டவர் கொடுத்த உத்தரவு இது!

எச்.ஜி. 76

1941 டிசம்பர் 14-ம் தேதி ஜிப்ரால்டரிலிருந்து 32 சரக்குக் கப்பல்களோடு ஒரு கான்வாய் கிளம்பியது. அதன் குறியீடு எச்.ஜி. 76. காவலுக்கு வாக்கரின் குழு. கூடவே 'ஆடாசிட்டி' என்ற சிறிய விமானந்தாங்கிக் கப்பல். ஜெர்மானியர்களிடமிருந்து பிடித்த ஒரு சரக்குக் கப்பலைத்தான் பிரிட்டன் இப்படி மாற்றியமைத்திருந்தது.

ஓநாய்க் கூட்டம் காத்திருந்தது. அடுத்த ஒரு வாரம் நடந்தது இதுதான்:

டிசம்பர் 17 – யூ-131 மூழ்கடிக்கப்பட்டது.

டிசம்பர் 18 – யூ-434 மூழ்கடிக்கப்பட்டது.

டிசம்பர் 19 – யூ-574, 'ஸ்டான்லி' என்ற காவல் கப்பலை டார்பிடோவால் தகர்த்தது. வாக்கரின் ஸ்டார்க் அதைத் துரத்தியது. இருட்டில் இரண்டும் வட்டமிட்டன. நீர்மூழ்கி அவ்வளவு பக்கத்தில் இருந்ததால் ஸ்டார்க்கின் பீரங்கிகளை அந்த அளவுக்குக் கீழே இறக்கிச் சுட முடியவில்லை. கடைசியில் வாக்கர் தன் கப்பலையே அதன் மேல் மோதவிட்டு முடித்தார்.

டிசம்பர் 21 – யூ-567 மூழ்கியது. அதன் தலைவர் எங்கல்பர்ட் எண்ட்ராஸ், ஜெர்மனியே கொண்டாடிய நீர்மூழ்கி வீரர்களில் ஒருவர்.

அதே இரவில் ஆடாசிட்டியும் போய்விட்டது. அது இரவில் எங்கே நிற்க வேண்டும் என்பதில் வாக்கருக்கும் அதன் தலைவருக்கும் கருத்து வேறுபட்டது. அவர் பதவியில் மூத்தவர் என்பதால் வாக்கர் விட்டுக்கொடுத்தார். கான்வாயில் ஒரு கப்பல் தாக்கப்பட்டதும் எழும்பிய ஒளிக்குண்டின் வெளிச்சத்தில் ஆடாசிட்டி பளிச்சென்று தெரிந்தது. யூ-751 அதைத் தாக்கி மூழ்கடித்தது. அன்று வற்புறுத்தியிருக்க வேண்டும் என்ற வருத்தம் வாக்கருக்கு இருந்தது.

மொத்தக் கணக்கு: 32 சரக்குக் கப்பல்களில் இழந்தவை 2. வாக்கரின் குழுவும் உடன் வந்த கப்பல்களும் மூழ்கடித்த யூ-போட்கள் 4. அதுவரை எந்தக் கான்வாய்க்கும் இப்படி ஒரு கணக்கு அமைந்ததில்லை. வாக்கருக்கு டி.எஸ்.ஓ. விருது கிடைத்தது. 1942 ஜூன் இறுதியில், நான்கு ஆண்டுக்கு முன் மறுக்கப்பட்ட கேப்டன் பதவியும் வந்தது.

ஊர்ந்து தாக்கும் முறை

நீர்மூழ்கியைக் கண்டுபிடிக்க அன்று இருந்த கருவி 'ஆஸ்டிக்'. இன்று சோனார் என்கிறோம். நீருக்குள் ஒலியை அனுப்பி, அது எதிலாவது பட்டுத் திரும்பும் நேரத்தை வைத்துத் தூரத்தைக் கணக்கிடும். ஆனால் அதில் ஒரு பெரிய ஓட்டை. ஒலிக்கற்றை முன்னோக்கிச் சாய்வாகப் போகும். கப்பல் நீர்மூழ்கிக்குச் சுமார் 200 மீட்டர் அருகே வந்ததும் நீர்மூழ்கி அந்தக் கற்றைக்குக் கீழே போய்விடும். அதற்குப் பிறகு கப்பலுக்குக் கண் தெரியாது.

ஆழ்வெடிகுண்டுகளையோ கப்பலின் பின்புறத்திலிருந்துதான் போட வேண்டும். அவை ஆழத்துக்கு இறங்க ஏறக்குறைய ஒரு நிமிடம் ஆகும். நீர்மூழ்கித் தலைவருக்கும் இது தெரியும். தலைக்கு மேலே கப்பல் வேகமாக வரும் சத்தம் கேட்டதும் சட்டென்று திரும்பி நழுவிவிடுவார்.

வாக்கர் கண்டுபிடித்த வழி மிக எளிமையானது. ஒரு கப்பலுக்குப் பதில் இரண்டு கப்பல். முதல் கப்பல் சுமார் ஆயிரம் மீட்டர் தள்ளியே நின்று, ஆஸ்டிக்கால் நீர்மூழ்கியை விடாமல் பிடித்து வைத்திருக்கும். இரண்டாவது கப்பல் தன் ஆஸ்டிக்கை அணைத்துவிட்டு, மிக மெதுவாக, நீர்மூழ்கியின் பின்னாலிருந்து ஊர்ந்து வரும். எங்கே போக வேண்டும், எப்போது குண்டு போட வேண்டும் என்பதெல்லாம் முதல் கப்பல் சொல்லும். நீர்மூழ்கியில் இருப்பவர்களுக்குத் தூரத்துக் கப்பலின் 'பிங்' ஒலி மட்டுமே கேட்கும். "அது தூரத்தில்தானே இருக்கிறது" என்று நிம்மதியாக இருப்பார்கள். தலைக்கு மேலே குண்டுகள் இறங்கிக்கொண்டிருப்பது வெடிக்கும்வரை தெரியாது.

புதிய கருவி எதுவும் இல்லை. இருப்பதை வைத்தே யோசித்தார். பத்தாண்டுகளுக்கு மேல் யாரும் விரும்பாத துறையில் செலவிட்டதன் பலன் இது.

இரண்டாம் ஆதரவுக் குழு

1942 அக்டோபரில் வாக்கரைக் கரைக்கு மாற்றினார்கள். லிவர்பூலில் மேசை வேலை. அவருக்கு ஓய்வு தேவை என்று நினைத்தார்கள். அவரோ கடலுக்குப் போக விடுங்கள் என்று கேட்டுக்கொண்டே இருந்தார். அட்லாண்டிக் காவல் பணிக்குப் புதிய தலைவராக வந்த அட்மிரல் மேக்ஸ் ஹார்ட்டன் சம்மதித்தார். ஹார்ட்டனே முதல் உலகப் போரில் புகழ்பெற்ற நீர்மூழ்கி வீரர்!

1943-ல் உருவானது இரண்டாம் ஆதரவுக் குழு. ஸ்டார்லிங், வைல்ட் கூஸ், சிக்னெட், ரென், உட்பெக்கர், கைட் என்று ஆறு ஸ்லூப் கப்பல்கள். எல்லாம் பறவைப் பெயர்கள். ஸ்டார்லிங் வாக்கரின் கப்பல். இந்தக் குழு எந்தக் கான்வாயோடும் ஒட்டிக்கொண்டு போக வேண்டியதில்லை. எங்கே ஆபத்தோ அங்கே ஓட வேண்டும். யூ-போட் கிடைத்தால் அது சாகும்வரை விடக்கூடாது.

1943 ஜூன் 1-ம் தேதி யூ-202 சிக்கியது. ஓராண்டு முன்பு அமெரிக்காவின் லாங் ஐலண்ட் கரையில் ஜெர்மன் நாசவேலைக்காரர்களை இறக்கிவிட்ட அதே நீர்மூழ்கி. அது குண்டுகள் எட்டாத ஆழத்துக்கு இறங்கிவிட்டது. வாக்கர் அவசரப்படவில்லை. உள்ளே காற்று தீர்ந்தால் மேலே வந்துதானே ஆக வேண்டும்? மேலேயே காத்திருந்தார். சுமார் பதினைந்து மணி நேரம். நள்ளிரவைத் தாண்டியதும் அது மேலே வந்தது. பீரங்கிகள் தயாராக இருந்தன.

ஜூன் 24 ஒரே நாளில் இரண்டு. அதில் யூ-119-ஐ ஸ்டார்லிங்கால் மோதினார். தன் கப்பலின் முன்பகுதி நசுங்கிவிட்டதால் வைல்ட் கூஸுக்கு மாறி, மீதி வேட்டையைத் தொடர்ந்தார்.

ஜூலை 30-ம் தேதி பிஸ்கே வளைகுடாவில் மூன்று யூ-போட்கள் சேர்ந்து நீர்மட்டத்தில் போய்க்கொண்டிருந்தன. விமானங்களும் வாக்கரின் குழுவும் சேர்ந்து மூன்றையும் முடித்தன. இதில் ஒரு விசித்திரம்: யூ-461-ஐ மூழ்கடித்த விமானம், 461-வது படைப்பிரிவின் 'யூ' என்ற எழுத்திட்ட விமானம்!

ஒவ்வொரு முறை வெற்றியோடு லிவர்பூல் திரும்பும்போதும் ஸ்டார்லிங்கின் ஒலிபெருக்கியில் ஒரு பழைய வேட்டைப் பாட்டு ஒலிக்கும். துறைமுகத் தொழிலாளர்களுக்கு அந்தப் பாட்டைக் கேட்டாலே வாக்கர் வந்துவிட்டார் என்று தெரியும்.

மகன்

வாக்கருக்கு மூன்று மகன்கள், ஒரு மகள். மகன்களில் ஒருவர் டிமோத்தி. அப்பா நீர்மூழ்கிகளை வேட்டையாடிக்கொண்டிருக்க, மகன் சேர்ந்தது பிரிட்டிஷ் நீர்மூழ்கிப் படையில்!

டிமோத்தி இருந்த 'பார்த்தியன்' நீர்மூழ்கி 1943 ஆகஸ்டில் மத்தியதரைக் கடலில் காணாமல் போனது. வர வேண்டிய நாளில் அது துறைமுகத்துக்கு வரவில்லை. கண்ணிவெடியில் சிக்கியிருக்கலாம். ஒருவரும் பிழைக்கவில்லை.

ஒரு நீர்மூழ்கிக்குள் மனிதர்கள் எப்படி இறப்பார்கள் என்பது வாக்கரை விட நன்றாக யாருக்குத் தெரியும்? தன் ஆஸ்டிக் கருவியின் வழியே எத்தனையோ முறை அதைக் கேட்டவர் அவர். குண்டு வெடித்தபின் தகடு நொறுங்கும் ஓசை, எண்ணெய்ப் படலம், மிதந்து வரும் மரத்துண்டுகள், துணிகள். அவர் மூழ்கடித்த ஒவ்வொரு யூ-போட்டிலும் ஐம்பது பேர் போல இருந்தார்கள். பெரும்பாலானோர் டிமோத்தியின் வயதுக்காரர்கள்.

போர் நிற்கவில்லை. அவரும் நிற்கவில்லை. அந்த இலையுதிர் காலத்திலேயே மறுபடியும் கடலில் இருந்தார். நவம்பர் 6-ம் தேதி ஒரே நாளில் மேலும் இரண்டு யூ-போட்கள் மூழ்கின.

ஒரே பயணத்தில் ஆறு

1944 ஜனவரி 31 முதல் பிப்ரவரி 19 வரையிலான இருபது நாட்களில் வாக்கரின் குழு ஆறு யூ-போட்களை மூழ்கடித்தது. யூ-592, யூ-762, யூ-238, யூ-734, யூ-424, யூ-264. பிப்ரவரி 9-ம் தேதி மட்டும் இரண்டு. இவற்றில் கடைசியான யூ-264-ல் இருந்த அத்தனை பேரும் உயிரோடு மீட்கப்பட்டார்கள்.

ஜெர்மானியர்களும் சும்மா இல்லை. கப்பலின் விசிறிச் சத்தத்தைக் கேட்டுத் துரத்தும் புதிய டார்பிடோ அவர்களிடம் வந்துவிட்டது. கடைசி வெற்றி கிடைத்த அதே இரவில் அப்படி ஒன்று உட்பெக்கரின் பின்பகுதியைப் பிய்த்தது. கட்டி இழுத்து வரும் வழியில் புயலில் சிக்கி, இங்கிலாந்துக் கரைக்கு அருகே அது மூழ்கியது.

பிப்ரவரி 25-ம் தேதி மீதிக் கப்பல்கள் லிவர்பூலுக்குள் நுழைந்தபோது கரையெங்கும் கூட்டம். கடற்படை அமைச்சர் ஏ.வி.அலெக்சாண்டரே வரவேற்க வந்திருந்தார்.

உழைத்துத் தேய்ந்த உடல்

அதற்குப் பிறகும் ஓய்வு இல்லை. மார்ச் இறுதியில் ரஷ்யாவுக்குப் போகும் கான்வாய்க்குக் காவல். வழியில் யூ-961. மே மாதம் யூ-473. ஜூன் 6-ம் தேதி நேச நாடுகள் நார்மண்டியில் இறங்கின. ஆயிரக்கணக்கான கப்பல்கள் ஆங்கிலக் கால்வாயில். யூ-போட்கள் அங்கே நுழைந்துவிடாமல் மேற்கு வாசலைக் காப்பது வாக்கரின் பொறுப்பு. இரண்டு வாரம் இரவு பகலாக அந்த வேலை நடந்தது.

ஸ்லூப் கப்பலின் மேடை திறந்தவெளி. மழை, பனி, அலை எதுவானாலும் அங்கேதான் நிற்க வேண்டும். வாக்கர் வேட்டையின்போது மணிக்கணக்கில் அங்கிருந்து இறங்கமாட்டார்.

1944 ஜூன் மாதம் அவருக்கு டி.எஸ்.ஓ. விருது நான்காவது முறையாக அறிவிக்கப்பட்டது. இது தவிர, 'பாத்' விருதும் முன்பே கிடைத்திருந்தது. விக்டோரியா கிராஸ் மட்டும் கிடைக்கவே இல்லை. ஜூலை தொடக்கத்தில் கரையில் இருந்தபோது திடீரென்று தலைசுற்றல் வந்தது. மூளையில் ரத்தக்கட்டு. 1944 ஜூலை 9-ம் தேதி லிவர்பூல் அருகே சீஃபோர்த் கடற்படை மருத்துவமனையில் இறந்தார். வயது 48 மட்டுமே. ஓயாத உழைப்பும் களைப்பும்தான் அவரைக் கொன்றது என்பதில் அவரை அறிந்தவர்களுக்குச் சந்தேகம் இல்லை.

லிவர்பூல் பேராலயத்தில் முழு ராணுவ மரியாதையுடன் பிரார்த்தனை. பிறகு 'ஹெஸ்பரஸ்' என்ற நாசகாரிக் கப்பல் உடலைக் கடலுக்கு எடுத்துச் சென்று அடக்கம் செய்தது. அவருடைய சொந்தக் குழு அந்த நிகழ்ச்சிக்கு வர முடியவில்லை. கடலில் வேட்டையில் இருந்தது. அவருக்குப் பின் குழுவை நடத்தியவர் வைல்ட் கூஸின் தலைவர் வெமிஸ். வாக்கர் கற்றுக்கொடுத்த முறையில்தான் நடத்தினார்.

கணக்கு

வாக்கரின் தலைமையில் மூழ்கிய யூ-போட்கள் சுமார் 20. நேச நாடுகளில் வேறு எந்தக் காவல் குழுத் தலைவருக்கும் இந்த அளவு கணக்கு இல்லை. மறுபக்கமும் ஒரு கணக்கு உண்டு. போரில் ஜெர்மன் நீர்மூழ்கிகளில் சென்ற ஏறக்குறைய 40 ஆயிரம் பேரில் சுமார் 30 ஆயிரம் பேர் திரும்பவில்லை. சரக்குக் கப்பல் மாலுமிகளில் இறந்தவர்களும் ஏறக்குறைய அதே அளவு. அவர்களில் இந்திய மாலுமிகளும் நிறைய உண்டு.

இன்னொரு இந்தியத் தொடர்பும் இருக்கிறது. வாக்கர் பயன்படுத்திய அதே 'பிளாக் ஸ்வான்' ரக ஸ்லூப் கப்பல்கள் அப்போதைய இந்தியக் கடற்படைக்கும் கட்டப்பட்டன. அவற்றுக்குப் பறவைப் பெயர் இல்லை, நதிப் பெயர். சட்லெஜ், ஜம்னா, கிஸ்ட்னா, காவேரி என்று சுதந்திரத்துக்குப் பிறகும் இந்தியக் கொடியோடு ஓடின.

1998-ல் லிவர்பூல் துறைமுகக் கரையில் வாக்கருக்குச் சிலை வைத்தார்கள். கப்பல் மேடையில் நின்று கடலைப் பார்ப்பது போன்ற சிலை.

'தலைமைப் பண்பு போதாது' என்று எழுதியவரும் பொய் சொல்லியிருக்க வேண்டியதில்லை. அமைதிக் காலத்து விருந்துகளுக்கும் அணிவகுப்புகளுக்கும் வாக்கர் பொருத்தமில்லாதவராகவே இருந்திருக்கலாம். அங்கே அளந்த அளவுகோல் வேறு. 1941 டிசம்பர் இரவில் தேவைப்பட்ட அளவுகோல் வேறு. கடற்படை அதைக் கண்டுபிடிக்க மூன்று ஆண்டுகள் ஆயின. அந்த மூன்று ஆண்டுகளில் அட்லாண்டிக்கில் மூழ்கிய கப்பல்களின் எண்ணிக்கை பல நூறு.